சிவப்புக் கொடிக்குப் பக்கத்தில்

பாப்பா, தம்பி, இரண்டு பேரும் இதை உட்கார்ந்து படிக்க வேண்டும். நான் பத்தாவதோடு நின்றவன். எழுதிப் பழக்கம் கிடையாது. பிழை இருந்தால் பாப்பா திருத்தட்டும். தம்பி சிரிக்காமல் இருந்தால் போதும்.

நீங்கள் சின்னவர்களாக இருந்தபோது, நான் லீவில் வரும்போதெல்லாம் தம்பி ஒரே கேள்வியைத்தான் கேட்பான். "எத்தினி பேர சுட்டப்பா?" நான் அவன் தலையில் தட்டிவிட்டு, பையிலிருந்து எதையாவது எடுத்துக் கொடுத்துப் பேச்சை மாற்றிவிடுவேன். பள்ளிக்கூடத்தில் அவனாகவே ஒரு கணக்கைச் சொல்லி வைத்திருந்தான் என்பது பிறகுதான் தெரிந்தது. போன மாதம் அவனுடைய காலேஜ் பையன்கள் ஓரிக்கைக்கு, நம் வீட்டுக்கு வந்திருந்தார்கள். "எங்கப்பா பார்டர்லாம் பாத்தவருடா" என்று வாசலில் சொல்லிக்கொண்டிருந்தான். நான் உள்ளே உங்கள் அம்மாவோடு உட்கார்ந்து பட்டு நூலில் சிக்கு எடுத்துக்கொண்டிருந்தேன். அம்மா என்னைப் பார்த்தாள். "இன்னும் எத்தினி வருசத்துக்கு அப்டியே நெனச்சிக்கினு இருக்க வுடப்போற? நீயே சொல்லேன்" என்றாள்.

பார்டரும் பார்த்தேன், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் சர்வீஸின் கடைசிக் காலத்தில் நான் அதிகம் பார்த்தது ஒரு சிவப்புத் துணியை. அதன் பக்கத்தில் உட்கார்ந்திருப்பதுதான் என் வேலை.

வடக்கே ஒரு கண்டோன்மென்ட் ஊர். மிலிட்டரி இருக்கிற பக்கம் ரோடெல்லாம் நூல் பிடித்த மாதிரி நேராக இருக்கும். மரங்களின் அடியில் காவியும் சுண்ணாம்பும் அடித்திருப்பார்கள். ரோட்டோரக் கல்லுக்குக்கூட வெள்ளையடித்து வரிசையாக வைத்திருப்பார்கள். விழுந்த இலை மத்தியானத்துக்குள் காணாமல் போய்விடும். கேட்டைத் தாண்டினால் சதர் பஜார். யூனிஃபார்ம் தைக்கிற கடை, டிரங்குப் பெட்டிக் கடை, லட்டு ஜிலேபிக் கடை எல்லாம் அங்கே. அதற்கும் அப்பால் கிராமங்கள். மண் சுவர், எருமை மாடு, கோதுமை வயல்.

கண்டோன்மென்டுக்கும் கிராமங்களுக்கும் நடுவில் துப்பாக்கி, பீரங்கி சுட்டுப் பழகுகிற மைதானம். ரேஞ்ச் என்பார்கள். தண்ணீர் இல்லாத பாலாற்றை நினைத்துக்கொள்ளுங்கள். அதைவிடப் பல மடங்கு அகலம், மணலுக்குப் பதிலாகக் கல்லும் முள்ளும். அதன் குறுக்கே ஒரு மண் ரோடு போகும். கிராமத்துக்காரர்கள் பஜாருக்கும் ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும் போகிற குறுக்குவழி அதுதான். சுற்றிக்கொண்டு போகிற தார் ரோடு ஒன்று இருந்தது. அதில் எப்போதாவது ஒரு ஷேர் ஆட்டோ வரும், அதுவும் ஆள் நிறைந்தால்தான் கிளம்பும்.

சுடுகிற நாட்களில் ரேஞ்சைச் சுற்றி ஒவ்வொரு வழியிலும் ஒரு ஆளை உட்கார வைப்பார்கள். அந்த இடத்துக்குப் பாயின்ட் என்று பேர். அவன் கம்பத்தில் சிவப்புக் கொடியை ஏற்றுவான். கொடி ஏறியிருந்தால் யாரும் உள்ளே வரக் கூடாது. இறங்கினால் வரலாம். எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் புரிகிற சட்டம். இன்னொரு சட்டமும் உண்டு. ஆளோ மாடோ எப்படியாவது உள்ளே வந்துவிட்டால் நான் செட்டை எடுத்து, அதாவது வயர்லெஸ்ஸை எடுத்து, "செக் ஃபயரிங்" என்று சொல்ல வேண்டும். உடனே அத்தனை துப்பாக்கியும் நிற்கும். உள்ளே வந்ததை வெளியே ஓட்டிய பிறகுதான் மறுபடி ஆரம்பிப்பார்கள். ஒரு சாதாரண சிப்பாய் பீரங்கியை நிறுத்தலாம் என்றால் அது அந்த ஒரு விஷயத்துக்குத்தான்.

விடிவதற்கு முன்னால் லாரியில் கொண்டுபோய் இறக்கிவிடுவார்கள். பூரி, உருளைக்கிழங்கு, ஒரு கேன் தண்ணீர், செட். போன் கொண்டுபோகக் கூடாது. லாரி போன பிறகு சாயங்காலம் வரைக்கும் நானும் ஒரு கருவேல மரமும்தான். கொடி படபடவென்று அடித்துக்கொண்டே இருக்கும். செட்டில் அவ்வப்போது என் பாயின்ட்டைக் கூப்பிடுவார்கள். "ஓகே, ஓவர்" என்பேன். சில நாட்களில் நாள் முழுக்க என் வாயிலிருந்து வந்த பேச்சு அவ்வளவுதான்.

பொழுது போக நான் ஒன்று செய்வேன். காஞ்சிபுரம் பஸ் ஸ்டாண்டில் இறங்கி நம் வீடு வரைக்கும் நடந்துவருகிற மாதிரி, வழியில் இருக்கிற கடைகளை வரிசையாகச் சொல்லிப் பார்ப்பேன். டீக்கடை, ஜெராக்ஸ் கடை, ஜரிகைக் கடை, பூக்கடை. ஒன்று விட்டுப்போனால் மறுபடி பஸ் ஸ்டாண்டிலிருந்து. லீவில் வந்தால் நாலு கடை மாறியிருக்கும். ஜெராக்ஸ் கடை இருந்த இடத்தில் செல்போன் கடை இருக்கும். திரும்பிப் போய், அதையும் சேர்த்து முதலிலிருந்து பாடம் பண்ணுவேன்.

சாயங்காலம் பேரக்கில், நாங்கள் தங்குகிற கூடத்தில், போன் பேசுவேன். அம்மா தறியில் உட்கார்ந்தபடியே ஸ்பீக்கரில் போட்டுப் பேசுவாள். அடிக்கிற சத்தம் நிற்காது. "சாப்ட்டியா?" "ம். நீ?" "ஆச்சி. இன்னா பண்ண இன்னிக்கு?" "டூட்டி." நீங்கள் வந்து இரண்டு வார்த்தை பேசிவிட்டு டிவிக்கு ஓடிவிடுவீர்கள். அதைக் குறையாகச் சொல்லவில்லை. சின்னப் பிள்ளைகளுக்கு அதற்குமேல் என்ன பேசத் தெரியும்? எனக்கே தெரியவில்லை. கொடிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன் என்றா சொல்வது.

அந்தப் பாயின்ட்டில் எனக்கு ஒரே ஒரு பேச்சுத் துணை இருந்தது. பக்கத்துக் கிராமத்திலிருந்து ஆடு மேய்க்க வருகிற ஒரு அம்மா. ஐம்பது வயதுக்குமேல் இருக்கும். முக்காட்டைப் பல்லால் கடித்துப் பிடித்துக்கொண்டே பேசும். கொடிக்கு வெளிப்பக்கம் ஒரு பாறை உண்டு, அதில்தான் உட்காரும். கொடிக்கு நேராகச் சுண்ணாம்பில் போட்டிருந்த எல்லைக் கோட்டை ஒரு நாளும் தாண்டி உள்ளே வந்தது கிடையாது. அந்தம்மா பேசியது அந்த ஊர் இந்தி. ஆரம்பத்தில் பாதிதான் புரியும். இப்போது நினைத்தால் நம்ம ஊர்ப் பேச்சாகத்தான் காதில் விழுகிறது. அதனால் அப்படியே எழுதுகிறேன். என்னை "பௌஜி" என்று கூப்பிடும். பட்டாளத்துக்காரன் என்று அர்த்தம்.

"இன்னா பட்டாளம், கொடி ஓடிப்போயிடுமா? அதயே பாத்துக்கினு கீற."

"அதப் பாக்கத்தான்மா சம்பளம்."

"என் ஆட்டயும் சேத்துப் பாரேன். நா வூட்ல போய்த் தூங்கிட்டு வரேன்."

ஒரு நாள் பர்ஸிலிருந்து உங்கள் போட்டோவை எடுத்துக் காட்டினேன். கோயில் தெரு ஸ்டுடியோவில் எடுத்தோமே, அது. அம்மா பட்டுப் புடவையில் இருப்பாள். அந்தம்மா போட்டோவைச் சூரியனுக்கு நேராகப் பிடித்து வெகுநேரம் பார்த்தது.

"பொடவ யாரு வாங்கித் தந்தது?"

"வாங்கல. அவளே நெய்ஞ்சது."

"இதக் கட்டிக்கினு பால் கறக்க முடியுமா?"

"எங்க வூட்ல மாடு இல்லம்மா."

"மாடும் இல்ல, புருசனும் இல்ல. அப்புறம் பொடவதான் நெய்யணும்" என்று சொல்லிவிட்டு, சொன்னது அதிகம் என்று பட்டதோ என்னவோ, ஒரு கொய்யாக்காயை முந்தானையில் துடைத்து என் பக்கம் உருட்டிவிட்டது.

அந்தக் கிராமம் என் பாயின்ட்டிலிருந்து நன்றாகத் தெரியும். காலையில் எந்த வீட்டில் முதலில் புகை கிளம்பும், எந்த வீட்டு நாய் ஓயாமல் குரைக்கும் என்பதெல்லாம் தெரியும். ஆனால் ஒரு முறைகூட உள்ளே கால் வைத்ததில்லை. சிப்பாய்கள் கிராமங்களுக்குள் போகக் கூடாது என்று போர்டே வைத்திருந்தார்கள். அவர்கள் கொடியைத் தாண்ட முடியாது, நான் போர்டைத் தாண்ட முடியாது. நடுவில் இருந்த கொஞ்ச இடத்தில்தான் பேச்சு வார்த்தை.

இனிமேல்தான் சொல்ல வந்தது.

பங்குனி மாதம் இருக்கும். முந்தின நாள் சுட வேண்டியது, புழுதிக் காற்றில் ஒன்றும் தெரியாமல் நின்றுபோய்விட்டது. அதை மறுநாள் காலையில் வைத்துவிட்டார்கள். சுடுகிற நாளைக் கிராமங்களுக்கு முன்கூட்டியே சொல்வது வழக்கம். திடீரென்று மாற்றியதால் அன்றைக்குச் சொல்ல நேரமில்லை. நான் கொடியை ஏற்றி, சுடுவதும் ஆரம்பித்துவிட்டது. தூரத்தில் தரை அதிர்வது காலுக்குத் தெரிந்தது.

அப்போது கிராமத்துப் பக்கமிருந்து ஒருவர் சைக்கிளை வேகமாக மிதித்துக்கொண்டு வந்தார். பின்னால் கேரியரில் ஒரு பெண் பிள்ளை. ஸ்கூல் யூனிஃபார்ம், ரெட்டைப் பின்னல், மடியில் பரீட்சை அட்டை. கொடியைப் பார்த்ததும் அவர் பிரேக் பிடித்தார். சைக்கிள் சறுக்கிக்கொண்டு நின்றது.

"இன்னிக்கிச் சுடறது இல்லன்னாங்களே சார்."

"நேத்து நின்னுபோனத இன்னிக்கி வெச்சிட்டாங்க."

"பொண்ணுக்குப் பத்தாவது பரீட்ச சார். கணக்கு. பஜாராண்ட இருக்கிற ஸ்கூல்ல."

"சுத்திப் போயேன்."

"ஆட்டோ போயிடுச்சு. சைக்கிள்ல சுத்தினா ஸ்கூல் கேட்ட சாத்திடுவாங்க. இப்டிப் போனா புடிச்சிடலாம்." அவர் கொடியை நிமிர்ந்து பார்த்தார். சைக்கிள் ஹேண்டிலைப் பிடித்திருந்த வலது கையில் இரண்டு விரல்கள்தான் இருந்தன. நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு, "சின்ன வயசுல உள்ள போயி வெடிக்காத குண்டுல பித்தள பொறுக்கினேன் சார்" என்றார். "கொடி ஏறியிருந்தா நா உள்ள போவ மாட்டேன். நீங்க போன்னு சொன்னாத்தான் போவேன்."

அந்தப் பெண் கேரியரை விட்டு இறங்கி, சட்டையைச் சரி பண்ணிக்கொண்டு, "அங்கிள், மணி என்னா?" என்று மட்டும் கேட்டது. சொன்னேன். அது உதட்டை மடித்துக்கொண்டு அப்பாவைப் பார்க்காமல் வேறு பக்கம் பார்த்தது.

பாப்பா, அப்போது உனக்கு ஏழு வயதுகூட இருக்காது. ஆனாலும் உன் ஞாபகம்தான் வந்தது.

செட்டை எடுத்து விஷயத்தைச் சொன்னேன். பரீட்சைக்குப் போகிற பிள்ளை, கூட அப்பா, ரோட்டைத் தாண்ட கொஞ்ச நேரம் போதும் என்றேன். சுடுவதை நடத்துகிற கன்ட்ரோலில் இருந்து பதில் வந்தது.

"ஆள் உள்ளே இருக்கா, வெளியே இருக்கா?"

"வெளியே."

"அப்ப வெளியிலேயே நிறுத்து. சுட வந்த யூனிட்டுக்கு இன்னிக்கு மட்டும்தான் டைம் இருக்கு. அவுட்."

கொஞ்சம் பொறுத்து மறுபடி கேட்டேன். இந்த முறை, செட்டைத் தேவையில்லாமல் பிடித்துக்கொண்டிருக்காதே என்று திட்டு விழுந்தது. அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். சட்டப்படி அதுதான் சரி. வெளியே நிற்கிறவருக்காகத் துப்பாக்கியை நிறுத்த ஆரம்பித்தால் ஒரு நாளும் சுட முடியாது.

"இன்னா சொல்றான்?" என்று பாறையிலிருந்து ஆட்டுக்காரம்மா கேட்டது.

"உள்ள இருந்தாத்தான் நிறுத்துவாங்களாம்."

அந்தப் பெண்ணின் அப்பா தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "மாடு உள்ள போனா நிறுத்துறீங்க. பொண்ணு வெளிய நிக்குது, அதுக்கு நிறுத்த மாட்டீங்க." கோபமாகச் சொல்லவில்லை. கணக்குப் போட்டுப் பார்த்து விடை சொல்கிற மாதிரி சொன்னார்.

கொடி மட்டும் அடித்துக்கொண்டிருந்தது.

ஆட்டுக்காரம்மா எழுந்தது. புடவையைத் தட்டிவிட்டுக்கொண்டது. எல்லாவற்றுக்கும் முன்னால் போகிற ஒரு கறுப்புக் கிடா உண்டு. அதன் முதுகில் குச்சியால் ஒரு தட்டுத் தட்டி, நாக்கால் ஏதோ சத்தம் கொடுத்தது. கிடா கோட்டைத் தாண்டியது. பின்னாலேயே அத்தனை ஆடும். அதில் ஒன்று நிறை சினை. வயிறு தரையில் இழுபட அதுவும் போனது. அந்தம்மா மட்டும் கோட்டுக்கு வெளியில் நின்றுகொண்டு, யாரோ பிடுங்கிக்கொண்டு போனது மாதிரி, "அய்யோ, என் ஆடு போவுதே, ஏ பட்டாளம், என் ஆடு" என்று கத்தியது. கத்திக்கொண்டே என்னைப் பார்த்து, "வாயத் தொற. எல்லாம் சாவட்டும்னு பாத்துக்கினு கீறியா?" என்றது மெதுவாக.

நான் செட்டை அழுத்தினேன். "செக் ஃபயரிங். செக் ஃபயரிங். உள்ளே ஆடு. ஓவர்."

சத்தம் நின்றுவிட்டது. அந்த மைதானத்தில் அப்படி ஒரு அமைதியை நான் அதற்கு முன்னால் கவனித்ததில்லை. எங்கேயோ ஒரு காடை கூப்பிட்டது.

அந்தப் பெண்ணின் அப்பா என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் சொன்னால்தான் போவேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டார் அல்லவா. "ரோட்ட வுட்டு எறங்காத. கீழ எது கெடந்தாலும் தொடாத. அந்தக் கோடியில ஒரு ஆளு நிப்பான், அவனாண்ட நா பேசிடறேன். போ" என்றேன். பெண் ஏறி உட்கார்ந்தது. சைக்கிள் போனது.

அந்தக் கோடியில் இருந்த சென்ட்ரி அனந்தபூர்ப் பக்கத்து ஆள். தெலுங்குக்காரன். எனக்கும் தெலுங்கு வரும். பிள்ளையார்பாளையத்தில் உங்கள் அம்மா வீட்டுக்குப் பக்கத்தில் எல்லாம் தெலுங்கு பேசுகிற நெசவுக்காரர்கள்தானே, அங்கே பழகியது. மற்றவருக்குப் புரியக் கூடாது என்றால் நாங்கள் செட்டில் தெலுங்கில் இரண்டு வார்த்தை பேசிக்கொள்வோம். அன்றைக்கும் அப்படியே, "இத்தரு ஒஸ்துன்னாரு, ஒதிலேய்" என்றேன். இரண்டு பேர் வருகிறார்கள், விட்டுவிடு என்று அர்த்தம். "சரே அன்னா" என்றான்.

ஆட்டை ஓட்டுகிற சாக்கில் நேரத்தை இழுத்தோம். அந்தம்மா ஒவ்வொரு ஆடாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, வந்ததை மறுபடி விரட்டி, வசவு பாடி, ஒருவழியாக எல்லாம் வெளியே வந்தபோது சைக்கிள் கண்ணுக்கு மறைந்திருந்தது. "கிளியர்" என்றேன். துப்பாக்கி மறுபடி ஆரம்பித்தது.

அந்தம்மா பாறையில் உட்கார்ந்து மூச்சு வாங்கியது. "கணக்குல பாஸ் பண்ணுமா அது?" என்றது.

"யாருக்குத் தெரியும்."

"பாஸ் பண்ணலன்னா அதுங்கப்பன வந்து ஆடு மேய்க்கச் சொல்லணும்."

மத்தியானம் சுடுவது முடிந்து கொடி இறங்குவதற்கும் ஒரு ஜிப்ஸி ஜீப் வந்து நிற்பதற்கும் சரியாக இருந்தது. ரேஞ்சைப் பார்த்துக்கொள்கிற ஆபீசர். புதிதாக வந்தவர். இறங்கியதும் இறங்காததுமாக என்னைப் பார்த்து, "எவரய்யா ஆ இத்தரு?" என்றார்.

யார் அந்த இரண்டு பேர் என்று சுத்தமான தெலுங்கில் கேட்கிறார். நெல்லூர்ப் பக்கம் என்று பிறகு சொன்னார்கள். நாங்கள் பேசும்போது கன்ட்ரோலில் செட்டுக்குப் பக்கத்திலேயே நின்று கேட்டிருக்கிறார். நடந்ததை நடந்தபடி சொன்னேன்.

"ஆடு தானாப் போச்சா?"

நான் கொடியை மடிக்க ஆரம்பித்தேன். அவர் திரும்பி ஆட்டுக்காரம்மாவைப் பார்த்தார். அந்தம்மா அவருக்குப் பின்னால் இருக்கிற ஆகாயத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. அவர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துகொண்டார்.

"பொண்ணு நேரத்துக்குப் போய்ச் சேந்துச்சா?"

"தெரியாது சாப்."

"உன்ன ஒண்ணும் பண்ணப் போறதில்ல" என்றார். "ஆனா இது ஊர் பூராப் பரவும். நாளைக்கு ஆஸ்பத்திரிக்குப் போறவன் ஆட்ட உள்ள வுடுவான், நாளன்னிக்கி சினிமாவுக்குப் போறவன் வுடுவான். ஒரு நாள் ஆளு சாவான். என்ன பண்ணணும்னு நீயே சொல்லு."

எனக்கும் வேறு வழி தெரியவில்லை.

அந்த வாரமே ஜேசிபி வந்து கோட்டோரமாகப் பள்ளம் தோண்டியது. ஆடு மேய்க்க இடமில்லை. அந்தம்மா ஆட்டை வேறு பக்கம் ஓட்டிக்கொண்டு போய்விட்டது. சொல்லிக்கொள்ளவில்லை. சொல்லிக்கொள்ள நானும் அங்கே இல்லை. என்னை ரேஞ்சின் மறு மூலையில் ஒரு குன்றின் மேல் போட்டிருந்தார்கள். அங்கே வழியும் கிடையாது, ஊரும் கிடையாது. எதற்கு அங்கே ஒரு கொடி என்று கேட்டால் யாருக்கும் பதில் தெரியாது. சட்டத்தில் இருக்கிறது, அவ்வளவுதான். நான் ஓய்வு பெறுகிற வரைக்கும் என் பாயின்ட் அதுதான்.

சைக்கிள் தாண்டியது உண்மை. தெலுங்குக்காரன் அன்றைக்குச் சாயங்காலம் பேரக்கில் சொன்னான். "போனாங்க அன்னா. அந்தப் பொண்ணு திரும்பிப் பாத்து எனக்குத் தேங்க்ஸ் சொல்லிச்சு" என்றான். எனக்கு ஒரு மாதிரி சிரிப்பு வந்தது. அவன் ஒன்றும் செய்யவில்லை, சும்மா ஓரமாக நின்றான். ஆட்டை உள்ளே விட்ட அம்மாவுக்கு அந்தத் தேங்க்ஸ் போய்ச் சேரவே இல்லை.

ஆனால் ரேஞ்சைத் தாண்டிய பிறகும் பள்ளிக்கூடம் வரைக்கும் ரோடு இருக்கிறது. நடுவில் ரயில்வே கேட் வேறு. பரீட்சைக்கு உள்ளே விட்டார்களா, விடவில்லையா என்பதை மட்டும் யாரும் எனக்குச் சொல்லவில்லை. மெஸ்ஸுக்குப் பால் கொண்டுவருகிற கிராமத்துக்காரரிடம் ஒரு நாள் விசாரித்தேன்.

"எந்த ஊரு, பேரு இன்னா?"

"பேரு தெரியாது. வலது கையில வெரலு இல்ல. பத்தாவது படிக்கிற பொண்ணு இருக்குது."

அவர் பால் கேனை மூடிக்கொண்டே, "அந்தப் பக்கம் வூட்டுக்கு ஒருத்தன் வெரலு இல்லாமத்தான் கீறான் பௌஜி" என்றார்.

அதற்குமேல் கேட்க எனக்கு எதுவும் தெரிந்திருக்கவில்லை. அந்தப் பெண்ணின் பெயரைக் கேட்டுக்கொள்ள வேண்டும் என்று அன்றைக்குத் தோன்றவேயில்லை. கேட்க நேரமும் இல்லை.

இதை யாரிடமும் பேச முடியவில்லை என்பதைத்தான் உங்களுக்குச் சொல்ல வேண்டும். பேரக்கில் ஆளுக்கொரு கவலை. ஒருவனுக்கு வீட்டில் பாகப் பிரிவினை, ஒருவனுக்குத் தங்கை கல்யாணம். எனக்கோ யாரோ ஒரு கிராமத்துப் பெண்ணின் கணக்குப் பரீட்சை. அம்மாவிடம் போனில் ஆரம்பித்தேன். "இன்னிக்கி ஒரு பொண்ணு வந்துச்சு" என்றேன். அந்த நேரம் பார்த்து இழை அறுந்துவிட்டது. "இரு, இரு, இழ அறுந்துக்கிச்சு" என்று அம்மா எழுந்து போனாள். முடித்துவிட்டு வந்து, "இன்னா சொல்ல வந்த?" என்றாள். "ஒண்ணுமில்ல, சாப்ட்டியா?" என்று கேட்டேன். இத்தனை வருடம் கழித்துப் போன வாரம்தான் அவளிடம் முழுதாகச் சொன்னேன். "இத அன்னிக்கே சொல்றதுக்கு இன்னா?" என்றாள். நான் என்ன பதில் சொல்ல? அங்கே இருந்தபோது என் பேச்செல்லாம் அப்படித்தான், பாதியில் நின்று, நின்றபடியே பழகிவிட்டது.

தம்பி, உன் நண்பர்களிடம் என்ன சொல்ல வேண்டும் என்று நான் உனக்குச் சொல்லித்தரவில்லை. உன் அப்பா யாரையும் சுட்டதில்லை. ஒரு நாள் காலையில் கொஞ்ச நேரம் சுடுவதை நிறுத்தினான். அதுவும் தானாக இல்லை, ஒரு ஆட்டுக்காரம்மா வாயைத் திற என்று சொன்னதால்.

பத்தாவது ரிசல்ட் வந்த நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. அன்றைக்கு டூட்டி இல்லை. பேரக்கில் பக்கத்துக் கட்டில்காரன் தன் அண்ணன் மகனுக்காகப் போனில் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் பார்த்து முடித்ததும் நானும் என் போனில் அந்தப் பக்கத்தைத் திறந்தேன். ரோல் நம்பர் போடு என்று கட்டம் வந்தது. கட்டத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். போன் தானாக அணைந்துபோனது.

அவுட் பாஸ் வாங்கிக்கொண்டு சதர் பஜாருக்குப் போனேன். ஸ்வீட் கடையில் ஒரே கூட்டம். பிள்ளைகள் பாஸ் பண்ணின வீட்டுக்காரர்கள் பெட்டி பெட்டியாக வாங்கிக்கொண்டிருந்தார்கள். என் முறை வந்ததும் லட்டு ஒன்று கேட்டேன்.

"ஒரு கிலோவா?"

"ஒண்ணு."

கடைக்காரர் ஒரு மாதிரி பார்த்தார். பிறகு என் பட்டாளத்து முடிவெட்டைப் பார்த்து, "ஊர்ல ரிசல்ட்டா? பையனா, பொண்ணா?" என்றார்.

"பொண்ணு."

"பாஸா?"

"பாஸ்" என்றேன்.

அவர் பெரிய லட்டாகப் பார்த்து எடுத்து, காகிதத்தில் வைத்துக் கொடுத்தார். நான் கூட்டத்தை விட்டு வெளியே வந்து, பூட்டியிருந்த ஒரு டிரங்குப் பெட்டிக் கடையின் ஓரமாக நின்று, அந்த லட்டை உதிராமல் முழுக்கத் தின்றேன். தெருக் குழாயில் கையைக் கழுவிக்கொண்டு, சாயங்காலம் ஆள் கணக்கெடுக்கிற ரோல் காலுக்குத் திரும்பி நடந்தேன்.